ஜப்தி ஆன பெஞ்சு

நகராட்சிக்குத் தண்ணீர்த் தொட்டி கட்டிக்கொடுத்த காண்ட்ராக்டர், பணம் வராமல் பன்னிரண்டு வருஷம் கோர்ட்டுக்கு நடந்தார். தேய்ந்த செருப்பையெல்லாம் அடுக்கினால் தொட்டியைவிட உயரம் வரும். கடைசியில் ஜெயித்தார். அப்போதும் பணம் வராததால், நகராட்சி ஆபீஸ் சாமான்களை ஜப்தி செய்ய உத்தரவு கிடைத்தது.

கோர்ட் அமீனாவோடு போய் மேஜை, நாற்காலிகளை லாரியில் ஏற்றினார். மிச்சம், பில்லு பாஸாகுமென்று அவர் அங்கே தினமும் காத்துக்கிடந்த மர பெஞ்சு. அதில் அவர் அளவுக்கு ஒரு பள்ளமே விழுந்திருந்தது.

"அதையாவது விட்டுட்டுப் போங்கண்ணே," என்றார் கிளார்க்.

"விடுறதாவது! பொண்டாட்டியைவிட அதோடதான்யா அதிகம் குடும்பம் நடத்தியிருக்கேன்."

"ஏலம் வரைக்கும் உங்க பொறுப்பு சார். எங்க இறக்கணும்?" என்றார் அமீனா.

காண்ட்ராக்டர் பழக்கதோஷத்தில் வீட்டு விலாசத்தைச் சொன்னார். பாதியில் நாக்கு நின்றது. தொட்டிக்காக அடகு வைத்த அந்த வீட்டை பேங்க் போன மாசம்தான் ஏலம் விட்டிருந்தது. இப்போது குடியிருப்பது மச்சினன் வீட்டு ஒற்றை அறையில்.

மனைவிக்குப் போன் போட்டார். "சாமானெல்லாம் எடுத்தாச்சும்மா. எங்க வைக்கிறது?"



"பெஞ்சை மட்டும் கொண்டாங்க," என்றாள் அவள். "தரையில படுத்து உங்க இடுப்பு போச்சு."