உடம்புச் சூடு

ஓட்டுநர் சீருடையிலேயே வந்திருந்தார். பேருந்தைப் பணிமனையில் விட்டுவிட்டு நேராக வந்தாராம். ஆய்வகக் கதவைப் பாதி திறந்து, உள்ளே காலை வைக்காமல் நின்றார்.

"டீச்சரோடது இன்னும் இங்க இருக்காமே மேடம். ஒருதடவ பாத்துட்டுப் போயிடறேன்."

டீச்சர் என்பது அவர் மனைவி. பள்ளிக்கூடத்தில் கணக்கு சொல்லிக்கொடுத்தவர். வீட்டிலும் அவருக்கு அதே பெயர்தான். அறுவை சிகிச்சையில் எடுத்த கட்டியில் ஒரு துண்டை ஆராய்ச்சிக்கு எடுத்துக்கொள்ளும்படி அவரே கேட்டுக் கொடுத்தார். பலருடைய செல்கள் எங்கள் கைக்கு வந்த சில நாட்களில் செத்துப்போகும். டீச்சருடையது பிடித்துக்கொண்டு வளர்ந்தது. அதைக் கேள்விப்பட்டு, முடி கொட்டிய தலையில் துணியைக் கட்டிக்கொண்டு ஒருநாள் பார்க்கவே வந்துவிட்டார். நுண்ணோக்கியில் கண்ணை வைத்து வெகுநேரம் பார்த்துவிட்டு, "பரவால்லயே, எனக்கு இங்க ஒரு கிளை ஆபீஸே நடக்குது" என்று சிரித்தார். மழை தொடங்கிய வாரத்தில் அவர் போய்விட்டார். கிளை ஆபீஸ் மட்டும் நடந்துகொண்டிருந்தது.

ஒரு புதர்ச்செடியின் வேர்ப்பட்டையிலிருந்து பிரித்தெடுத்த மஞ்சள் பொடியில் மருந்து தேறுமா என்று பார்ப்பது என் வேலை. லேசில் தண்ணீரில் கரையாத பொடி. ஆனால் எங்களிடம் இருந்த எட்டுப் பேருடைய புற்றுநோய் செல்களில் ஏழு பேருடையதை அது அடியோடு தீர்த்தது. டீச்சருடையது மட்டும் பாதி சாகும், மிச்சம் மறுபடி பெருகிவிடும். அன்று காலையில்தான் பேராசிரியர் சொல்லியிருந்தார். "அந்த ஒண்ணோட மல்லுக்கட்டினது போதும்மா. உறைய வெச்சு எடுத்து வை, அப்புறம் பாத்துக்கலாம். நல்லா வந்தத வெச்சுக் கட்டுரைய முடிப்போம்." நானும் தலையாட்டிவிட்டு வந்திருந்தேன். உறையவைப்பதற்கான குப்பிகளை எடுத்து அடுக்கிக்கொண்டிருந்தபோதுதான் இவர் வந்து நின்றார்.

மேலங்கியும் கையுறையும் கொடுத்தேன். இருந்ததிலேயே பெரிய கையுறைகூட அவர் கைக்கு இறுக்கமாகத்தான் இருந்தது. வெப்பப் பெட்டியைத் திறந்து, இளஞ்சிவப்புத் திரவம் நிரம்பிய தட்டையான குப்பி ஒன்றை எடுத்துக் காட்டினேன்.

"தொடலாமா?"

கொடுத்தேன். இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்துக்கொண்டார்.

"சூடா இருக்கே."

"உடம்புச் சூட்டுலதான் வெச்சிருப்போம்ணா. இல்லன்னா வளராது."

"உடம்புச் சூடு" என்று மெதுவாகத் திருப்பிச் சொன்னார். குப்பியைத் தரவில்லை. அது ஆறக் கூடாது. கேட்டு வாங்கவும் எனக்கு வாய் வரவில்லை. பிறகு அவராகவே நீட்டினார்.

"எடுத்துக்குங்க. இது அவ இல்ல. அவளத் தின்னது." நுண்ணோக்கிப் பக்கம் திரும்பினார். "மருந்து ஊத்தினது இருக்கா? அதக் காட்டுங்க. சாவறத நான் பாக்கணும்."

மருந்து ஊற்றிய தட்டை நுண்ணோக்கியில் வைத்தேன். அவர் குனிந்து பார்க்க, நான் விளக்கினேன். "உருண்டையா மிதக்குது பாருங்க, அது செத்தது. காலப் பரப்பித் தட்டோட தரையப் பிடிச்சிக்கிட்டு இருக்கறது உயிரோட இருக்கறது."

நிமிராமலே கேட்டார். "நெறைய பிடிச்சிக்கிட்டு இருக்கே மேடம்?"

"ஆமாண்ணா."

"அடுத்து என்ன பண்ணப்போறீங்க?"

எதையாவது சொல்லி அனுப்பியிருக்கலாம். "இத நிறுத்தப்போறோம். மத்தவங்களோடது நல்லா சாவுது. இத அப்புறம்..."

கத்துவார் என்று நினைத்தேன். அவர் எனக்கு ஆறுதல் சொன்னார். "அதனால என்ன மேடம். மத்தவங்க பொழச்சாப் போதும். அவளுக்கு இனிமே என்ன வேணும்?"

"அப்படி இல்லண்ணா. இது அவங்க ஒருத்தருக்கு மட்டும் வர்றது இல்ல. இதே மாதிரி இன்னும் எத்தனையோ பேருக்கு இருக்கும். அவங்களுக்கு இந்த மருந்து..."

யாருக்கோ பாடம் எடுப்பதுபோல ஆரம்பித்த பேச்சு பாதியில் என் காதிலேயே வந்து விழுந்தது. நிறுத்தினேன்.

"வேலை செய்யாதா?"

"பாதிதான் செய்யும்."

அவர் கையுறைகளைக் கழற்றி, மடித்து, எங்கே வைப்பதென்று தெரியாமல் என்னிடமே கொடுத்தார். "அப்ப அவங்கள்லாம்?" என்று மட்டும் கேட்டார். பதிலுக்கு நிற்கவில்லை. மாலை வண்டியை எடுக்க நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டார்.

நான் பேராசிரியர் அறைக்குப் போனேன்.

"அத உறைய வெக்கல சார்."

கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "காலைல சரின்னுதானே சொன்ன?"

"சொன்னேன். ஆனா இது ஏன் சாகலன்னு தெரியாம, மத்தது ஏன் சாவுதுன்னு நமக்குத் தெரியும்னு எப்படி சார் எழுதறது?"

"மாசக்கணக்கா இழுக்கும். தோத்துட்டா?"

"தோத்தத எழுதுவோம். ஒண்ணு அடங்கலன்னு கட்டுரையிலயே எழுதுவோம்."

கோபம் வந்தால் அவர் பேனா மூடியைத் திறந்து திறந்து மூடுவார். அந்தச் சத்தம் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தது. உட்காரச் சொல்லவில்லை, நானும் நகரவில்லை.

"அந்த டீச்சரோட பிடிவாதம் ஒனக்கும் ஒட்டிக்கிச்சு போல" என்றார் கடைசியில். "பொடிய மட்டும் கூட்டிக்கிட்டே போகாத, நல்ல செல்லும் சேந்து சாகும். அந்த செல்லு மருந்த உள்ள வாங்கிட்டு வெளிய துப்புதா, மொதல்ல அதப் பாரு."

"சரி சார்."

"கட்டுரை தள்ளிப்போனா ஏன்னு கேக்கறவங்களுக்கு நீயே பதில் சொல்லு."

"சொல்றேன் சார்."

அடுக்கியிருந்த குப்பிகளை அலமாரியிலேயே திருப்பி வைத்தேன். டீச்சருடைய செல்களைக் குப்பியின் தரையிலிருந்து பிரித்து, அடுத்த சோதனைக்காகப் புதுத் தட்டின் குழிகளில் பங்கிட்டு ஊற்றி, வெப்பப் பெட்டியில் வைத்தேன். பங்கிட்ட உடனே பார்த்தபோது எல்லாம் உருண்டு திரண்டு மிதந்தன. அச்சு அசலாகச் செத்தவை போலவே. ஆனால் செத்தவை இல்லை. ஜன்னலுக்கு வெளியே வெயில் இறங்கிய நேரத்தில் மறுபடி எடுத்துப் பார்த்தேன். ஒன்று அடியில் இறங்கித் தரையைத் தொட்டிருந்தது. மெல்லிய கால் ஒன்றை நீட்டியிருந்தது. பக்கத்தில் இன்னொன்று. அதற்குப் பக்கத்தில் இரண்டு. குழி முழுக்க அவை ஒவ்வொன்றாகக் காலை ஊன்றத் தொடங்கியிருந்தன. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். நன்றாக ஊன்றட்டும்.