தனிக்குரல் வரும் இடம்

பிணத்தைக் குளிப்பாட்ட வந்த டோபா கத்தி நுனியால் கீறிக் கொடுத்த இடத்தில் விரலை விட்டு, கெனியா தன் சட்டையின் வலப்பக்கத்தைக் கையகலத்துக்குக் கிழித்தாள். உடன்பிறந்தவள் செத்தால் அப்படித்தான் யூதர் வழக்கம். கச்சேரிக்கென்று வைத்திருந்த சட்டை அது, வேறு கிடையாது. பலகைக் கட்டிலில் தங்கை ஹின்டாவைக் குளிப்பாட்டிப் போர்த்தியிருந்தார்கள். டைஃபஸ் காய்ச்சல். திரைக்கு அப்பால் அடுத்த குடும்பம் டர்னிப் கிழங்கு நறுக்கிக்கொண்டிருந்தது.

"முப்பது நாள் பாட்டுப் பக்கமே போகக் கூடாது. தெரியுமில்ல?" என்றாள் டோபா.

"இந்த கெட்டோவுல முப்பது நாள் யாருக்கு நிச்சயம்?"

டோபா ஈரத்துணியைப் பிழிந்தாள்.

அன்று காலையில், சாவதற்கு முன், ஹின்டாவுக்குக் கொஞ்சம் நினைவு வந்திருந்தது. "அக்கா, சாயங்காலக் கச்சேரியில எனக்குப் பதிலா நீயே பாடு. மேல் சுரத்துக்குப் போறப்ப மட்டும் அவசரப்படாதே" என்றாள். சாகிற நேரத்திலும் பாடம் நடத்துகிறாளே என்று கெனியாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. முதலில் பாட்டுக் கற்றுக்கொண்டவள் கெனியா. ஆனால் வில்னா நகரத்தில் எந்த மேடையானாலும் முன்னால் நின்றவள் ஹின்டா. ஜெர்மானியர் யூதர்களையெல்லாம் கெட்டோவுக்குள் அடைத்த பிறகும் அது மாறவில்லை. பின்வரிசையில் நின்றே கெனியா அந்தத் தனிக்குரல் முழுவதையும் மனப்பாடம் செய்திருந்தாள்.

பிற்பகல் பிண வண்டி வந்தது. கெட்டோ வாசல்வரைதான் கூடப் போக விட்டார்கள். அங்கிருந்து கெனியா நேராக அரங்குக்குப் போனாள், கிழிசலைச் சால்வையால் மூடிக்கொண்டு.

"நீ ஏம்மா வந்தே?" என்றார் பாட்டு வாத்தியார் லிப்கேஸ்.

"தனிக்குரல் எனக்கு முழுசாத் தெரியும், வாத்தியார்."

"தெரியும்னு எனக்கும் தெரியும். ஆனா இன்னிக்கு அதை யாரும் பாட வேண்டாம். கோரஸ் மட்டும் போகட்டும். அவ இடம் சும்மா இருக்கட்டும்."

"அவளே என்னைப் பாடச் சொன்னா."

"சொல்லியிருப்பா. நல்ல பொண்ணு." அவள் தோளைத் தட்டிவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனார்.

செத்த பிறகும் அந்த இடம் அவளுக்குத்தானா என்று கெனியாவுக்கு வயிறெரிந்தது. திரும்பிப் போகவும் மனமில்லை. பின்வரிசையில் தன் இடத்தில் போய் நின்றாள்.

தனிக்குரல் வரும் இடத்தில் கோரஸ் வாயை மூடி மெட்டை மட்டும் மெல்ல முனகியது. முன்னால் ஒரு ஆள் நிற்கும் அளவுக்கு இடம் காலியாகக் கிடந்தது. கோட்டுகளைக் கழற்றாமல் உட்கார்ந்திருந்த கூட்டம் அந்த இடத்தையே பார்த்தது. யாரோ விசும்பினார்கள், பிறகு பலர். ஹின்டா ஒருநாளும் இவ்வளவு நன்றாகப் பாடியதில்லை.

கெனியாவின் உதடுகள் சத்தமில்லாமல் அந்தத் தனிக்குரலை ஒவ்வொரு சொல்லாகச் சொல்லிக்கொண்டு போயின. அழுகிறாள் என்று நினைத்துப் பக்கத்தில் நின்றவள் அவள் கையை எட்டிப் பிடித்தாள்.