வெட்ட இடமில்லாத குரல்

ஏழு வருடமாக முகம் கொடுத்துப் பேசாத அண்ணன், காரியம் ஆகவேண்டும் என்றதும் அம்மாவைத் தூது விட்டான். அம்மா தொலைபேசியில் சுற்றி வளைத்தாள். அவன் சரியாகச் சாப்பிடுவதில்லையாம், கண் இரண்டும் உள்ளே போய்விட்டதாம், படம் வெளிவர இன்னும் பன்னிரண்டே நாள்தானாம், இவள் போய் நாலே நாலு சுரம் பாடிக் கொடுத்தால் போதுமாம். மகன் நாலு சுரத்துக்கு அலைவது தெரிந்த அம்மாவுக்கு, மகள் இந்த ஏழு வருடம் என்ன ஆனாள் என்று ஒருநாளும் கேட்கத் தோன்றியதில்லை.

அம்மா வீட்டுக்குப் போக அண்ணனுக்குச் சனிக்கிழமை, அவளுக்கு ஞாயிற்றுக்கிழமை. ஒருவர் முகத்தில் இன்னொருவர் விழிக்காமல் இருக்க, யாரும் வாய்விட்டுச் சொல்லாமலே ஏற்பட்ட ஏற்பாடு அது. இத்தனைக்கும் இருவரும் ஒரே மேடையில் நின்றவர்கள். அண்ணன் கிட்டார், இன்னும் மூன்று பேர், நடுவில் அவள். சிம்பொனிக் மெட்டல் பாடுகிறோம் என்று சொன்னால் சொந்தக்காரர்கள் பாத்திரக் கடையா வைத்திருக்கிறீர்கள் என்று கேட்பார்கள். கிட்டார் உறுமும், டிரம் நெஞ்சில் இடிக்கும், வயலின்கள் அதன்மேல் ஏறும், அத்தனைக்கும் மேலே அவள் குரல் தனியாக நிற்கும்.

அவர்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. பாட்டின் உச்சியில் வாத்தியம் எல்லாம் சட்டென்று நின்றுவிடும். மூன்று எண்ணிக்கைக்கு அவள் குரல் மட்டும். அண்ணன் மூன்று விரலைத் தூக்கி ஒவ்வொன்றாக மடக்குவான். மூன்றாவது மடங்கியதும் எல்லாரும் சேர்ந்து இறங்குவார்கள். கூட்டம் அந்த மூன்று எண்ணிக்கைக்காகவே வரும்.

பிறகு அண்ணனுக்குச் சினிமாவில் இசையமைக்கும் வாய்ப்புக் கிடைத்தது. முதல் படத்தில் அவளைப் பாட வைத்தான். காய்ச்சலோடு ஒரு பகல் முழுக்கப் பாடினாள். படம் வந்த அன்று பதினொரு டிக்கெட் எடுத்து, உடன் வேலை பார்ப்பவர்களை எல்லாம் அழைத்துப் போய், இப்போது வரும், இதோ வரும் என்று சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வந்தது வேறொருத்தியின் குரல். அவள் பாடியது வெறும் ட்ராக். பெரிய பாடகி கேட்டுப் பழகிக்கொள்வதற்கான மாதிரி. அவளிடம் அதை யாரும் சொல்லவில்லை. பதினொரு பேரும் திரும்பி அவளைப் பார்த்தார்கள். தயாரிப்பாளர் எடுத்த முடிவு, இதில் உனக்கென்ன நஷ்டம் என்று கேட்டான் அண்ணன். அன்றோடு பேச்சு நின்றது.

ஆகவே இப்போது அவள் அம்மாவுக்காகப் போகவில்லை. அவன் திண்டாடுவதைக் கண்ணாரப் பார்க்கவேண்டும் என்ற ஒரே ஆசையில், வேலை பார்க்கும் செவிச் சோதனை நிலையத்தில் அரை நாள் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டுப் போனாள்.

ஒலிப்பதிவுக் கூடம் ஒரு கட்டடத்தின் அடித்தளத்தில் இருந்தது. சுவரெல்லாம் கறுப்புப் பஞ்சு. நடுவில் பெரிய கண்ணாடி. அந்தப் பக்கம் மைக், இந்தப் பக்கம் பொத்தான்கள் நிறைந்த மேசை. மேசையில் இருந்த ஒலிப்பொறியாளர் ஐம்பதைத் தாண்டியவர். அடுத்த அறையில் ஊசி விழுந்தால் எந்த ஊசி என்று சொல்லக்கூடியவர் என்பதால் எல்லாருக்கும் அவர் ‘காது’. நாலு வருடமாக அண்ணனோடு இருக்கிறார். அண்ணனுக்கு ஒரு தங்கை உண்டு என்பதே அவருக்கு அன்று காலையில்தான் தெரிந்திருக்கிறது.

“வா” என்றான் அண்ணன்.

“சொல்லுங்க சார்” என்றாள் அவள். அந்த ‘சார்’ அவன் முகத்தில் நன்றாகவே விழுந்தது.

விஷயத்தைக் காதுதான் உடைத்தார். படத்தின் முடிவில் ஒரு கோட்டை இடிகிறது. ஏழு நிமிடக் காட்சி, வசனம் கிடையாது, எல்லாம் இசைதான். இயக்குநருக்குக் கிட்டாரும் வேண்டும், வயலின் பட்டாளமும் வேண்டும், மேலே ஒரு பெண் குரலும் வேண்டும். அண்ணன் ஒரு மாதிரிப் பதிவு செய்து, குரலுக்கு அவளுடைய பழைய ஒத்திகை டேப்பிலிருந்து ஒரு துண்டை எடுத்து ஒட்டியிருக்கிறான். டிரம் சத்தம் கலந்த டேப்; திரையரங்குக்கு ஆகாது, கேட்டு வாசிக்கப் போதும். அதைக் கேட்டபடியே அறுபது வயலின்காரர்களும் நாற்பது கோரஸ்காரர்களும் ஒரே நாளில் வேலையை முடித்துவிட்டு ஊர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அதற்குப் பிறகு வந்த பெரிய பாடகி, கீழ்ப்பகுதியை அழகாகப் பாடிவிட்டு, உச்சிக்கு இரண்டு படி கீழேயே நின்றுவிட்டார்.

சுருதி வைக்கும் முன்னால் பாடப்போகிறவர் தொண்டையைக் கேட்டுக்கொள்ளவேண்டும் என்பது இந்தத் தொழிலின் அரிச்சுவடி. அண்ணன் பழக்கதோஷத்தில் தங்கையின் தொண்டைக்குச் சுருதி வைத்துவிட்டான். கணினியில் பாடகியின் குரலை உயர்த்திப் பார்த்தார்களாம், கொசு கத்தியதாம். பதிவான இசையின் சுருதியை இறக்கிப் பார்த்தார்களாம், நாற்பது கோரஸ்காரர்களும் கொட்டாவி விடுவது போல் கேட்டதாம்.

கேட்டதும் அவளுக்குச் சிரிப்பு வந்தது. பின்னாலேயே ஆத்திரமும் வந்தது. கேட்காமல் அவள் குரலை எடுத்திருக்கிறான், இது இரண்டாவது முறை.

கடைசி நாலு சுரத்தை மட்டும் பாடினால் போதும், பாடகியின் குரலோடு ஒட்டிவிடலாம் என்றான் அண்ணன். பெயர் வருமா என்று அவள் கேட்டாள். வராது என்றான். பாட்டு முழுக்க ஒரே குரல் என்று பாடகியோடு ஒப்பந்தமாம்.

“ஒட்டினது யாருக்கும் தெரியாது” என்றான், ஏதோ ஆறுதல் சொல்வதாக நினைத்துக்கொண்டு.

“அது உங்களுக்கு நல்லதா சார், எனக்கு நல்லதா?”

பதிலுக்கு அவள் காத்திருக்கவில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் போய் ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். ஒப்புக்கொண்டுவிட்டாள் என்று அவன் நினைத்தான். கூடப் பிறந்தவளைப் பற்றி இவ்வளவுதான் அவனுக்குத் தெரியும்.

அவள் பாடுவதையே விட்டிருப்பாள் என்றும் அவன் பயந்திருக்கலாம். செவிச் சோதனை நிலையத்தில், சத்தம் வெளியே போகாத சின்ன அறை ஒன்று உண்டு. வருகிறவர்களை அதில் உட்காரவைத்து, ‘பீப்’ கேட்டால் பொத்தானை அழுத்தச் சொல்வதுதான் அவள் வேலை. மதிய இடைவேளையில் அறை காலியாக இருக்கும். ஏழு வருடமாக அவள் சாப்பாட்டைப் பத்து நிமிடத்தில் முடித்துவிட்டு, மீதி நேரம் அந்த அறைக்குள் நின்று பாடிக்கொண்டிருந்தாள்.

இசை ஓடியது. குரலை வெட்டி ஒட்டவேண்டுமானால் நடுவில் ஒரு மூச்சு இடைவெளி வேண்டும். அது அவளுக்கும் தெரியும். எனவே வெகு முன்னால், பாடகி பாடும் இடத்திலேயே மூச்சை இழுத்துக்கொண்டு அடிச்சுரத்தில் தொடங்கினாள். தொடங்கியவள் எங்கும் விடவில்லை. ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்கு வழுக்கிக்கொண்டே ஏறி, உச்சிக்கு வந்து நின்றாள். ஏறுவதற்கு முன்னால் ஒரு மூச்சு விடச் சொன்னான் அண்ணன். தனக்கு அப்படி வராது என்றாள். ஆறு முறை பாடினாள், ஆறு முறையும் அப்படியே.

ஒவ்வொரு முறையும் உச்சியில் வாத்தியம் எல்லாம் நின்றது. கண்ணாடிக்குப் பின்னால் அண்ணனின் கை தானாக எழுந்து மூன்று விரலைக் காட்டியது. அதைப் பார்த்து அவள் குரலும் அவளைக் கேட்காமலே மூன்று எண்ணிக்கைக்கு அசையாமல் நின்றது. அதற்காகத் தன்மேலேயே அவளுக்கு வெறுப்பு வந்தது.

காது கையை விரித்துவிட்டார். “வெட்ட எடமே இல்ல. எங்க கத்தி வெச்சாலும் ரத்தம்தான் வரும்.”

அண்ணன் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தான். “வேணும்னே பண்றே.”

“ஆமா.”

“என் பொழப்பக் கெடுக்கத்தான் வந்தியா?”

“என் பேரு வரணும். முடியாதுன்னா என் குரல எடுத்துடுங்க. எடுக்கறது உங்களுக்குப் பழக்கம்தானே சார்.”

எடுத்துவிடுகிறேன் என்று விறைப்பாகச் சொல்லிவிட்டுப் போனான். குரலே இல்லாமல் ஓடவிடுங்கள் என்றான். காது ஒரு பொத்தானை அழுத்தினார். திரையில் கோட்டை இடியத் தொடங்கியது. கிட்டார் உறுமியது, கோரஸ் எழுந்தது, வயலின்கள் ஏறின, ஏறின, சட்டென்று எல்லாம் நின்றன. ஒன்று. இரண்டு. மூன்று. கல்லெல்லாம் சத்தமில்லாமல் விழுந்துகொண்டிருந்தன. டிவி பழுதாகிவிட்டது போலிருந்தது. காது தொண்டையைச் செருமினார்.

அந்த ஓட்டையை விட்டவன் அவனேதான். அறுபது வயலினையும் நாற்பது வாயையும் வைத்துச் சுற்றிலும் சுவர் எழுப்பி, நடுவில் தங்கையின் அளவுக்கு மட்டும் இடம் விட்டிருந்தான். அதில் வேறு யாரும் நுழைய முடியாது. அவளுக்கு அது புரிந்தபோது கோபம் தணியவில்லை, இன்னும் மூண்டது. மூச்சு முதல் மூன்று விரல் வரை எல்லாவற்றையும் இவ்வளவு துல்லியமாக நினைவில் வைத்திருந்தவனுக்குப் பெயரை மட்டும் விட்டுவிட எப்படி மனம் வந்தது?

அண்ணன் மறுபடி ஓடவிடச் சொன்னான். மறுபடியும் அதே ஓட்டை. தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்துவிட்டு, கடைசியில் வழிக்கு வந்தான். கீழ்ப்பகுதி பாடகிக்கு, மேலே ஏறும் பகுதி இவளுக்கு, இரண்டு பெயரும் போடலாம் என்றான்.

பாடகியின் மேலாளரிடம் இப்போதே, தனக்குக் கேட்கும்படி பேசவேண்டும் என்றாள் அவள். அவன் தொலைபேசியை எடுத்து ஸ்பீக்கரில் போட்டான். அவள் கண்ணாடிக்குப் பின்னாலேயே நின்று ஹெட்போனில் கேட்டுக்கொண்டிருந்தாள். எதிர்முனையில் குரல் ஏறியது. அண்ணன் குழைந்தான், நெளிந்தான், ஒப்பந்தத்தைத் திருத்தித் தருவதாகக் கெஞ்சினான். ஏழு வருடத்துக்கு முன்னால் அவளுக்காக ஒருவரிடமும் அவன் இப்படிக் கெஞ்சியதில்லை.

“இல்லங்க, வெளியாள் இல்ல” என்றான். “என் தங்கச்சிதான் பாடியிருக்கா.”

மைக் திறந்தே இருந்தது. அவள் குரல் அந்த அறையின் அத்தனை ஒலிபெருக்கியிலும் வந்தது.

“தங்கச்சின்னு சொல்லாதீங்க. பேரச் சொல்லுங்க.”

காது பேனாவை எடுத்துக்கொண்டு, பாடியவர்கள் பட்டியலில் இரண்டாவது வரிக்கு நேரே வைத்துக் காத்திருந்தார். அவருக்கும் அந்தப் பெயர் தெரியாது. அண்ணன் கண்ணாடியைப் பார்த்தான். உதடு ஒருமுறை அசைந்து நின்றது. பிறகு அவள் பெயரை முழுதாக, தெளிவாகச் சொன்னான். எதிர்முனைக்குச் சரியாகக் கேட்கவில்லை போலும். இரண்டாம் முறையும் சொன்னான். காது எழுதிக்கொண்டார்.

எழுதியதைத் தன் கண்ணால் ஒருமுறை பார்த்துவிட்டு அவள் பையை எடுத்தாள். அண்ணன் கதவு வரை வந்தான். இந்த ஞாயிற்றுக்கிழமை நானும் அம்மா வீட்டுக்கு வரட்டுமா என்று, தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டான்.

“ஞாயிறு என்னோட நாள். நீங்க சனிக்கிழமையே போங்க சார்” என்று சொல்லிவிட்டு அவள் படியேறினாள்.