தண்ணீர் ஊற்ற வாருங்கள்

ஒரு நாளைக்கு நாற்பது தடவை தண்ணீர் ஊற்றக் கூப்பிட்டால் யாருக்குத்தான் எரிச்சல் வராது? பவானேஸ்வரிக்கும் வந்தது. கூப்பிட்டவள் அவளுடைய நாத்தனார் கோமளா. தண்ணீர் ஊற்ற வேண்டிய தோட்டம் போனுக்குள் இருந்தது.

கோமளா மலாக்கா கடலோரம் உம்பாயில் ஒரு கடல் உணவுக் கடையில் மீன் கழுவுகிறவள். கடையில் ஆள் இல்லாத நேரமெல்லாம் கையைத் துடைத்துக்கொண்டு போனில் காய்கறி பயிரிடுவாள். முட்டைக்கோஸ், பூசணி, கத்தரி என்று ஒன்று விடமாட்டாள். அந்த விளையாட்டில் தண்ணீர் தீர்ந்துபோனால் தெரிந்தவர்களைத்தான் கூப்பிட வேண்டும். அவள் உம்பாயில் பொத்தானைத் தொட்டால், குருபோங்கில் இருக்கும் பவானேஸ்வரியின் போன் டிங் என்று அடித்து, "கோமளாவின் தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்ற வாருங்கள்" என்று காட்டும். கோமளாவுக்குக் கூப்பிடத்தான் தெரியும். அடுத்தவர் தோட்டத்துக்குப் போய் ஒரு சொட்டு ஊற்றியதாகச் சரித்திரம் இல்லை.

பவானேஸ்வரி பதினாறு வயதிலிருந்து முப்பத்தைந்து வரை ரப்பர் மரம் சீவினவள். தோட்டத்தை அழித்து வீடுகள் கட்டின பிறகு பாக்டரிக்கு வந்து பெட்டி அடுக்குகிறாள். "நெசத் தோட்டமே போயி இருவது வருசமாச்சு. அன்னைக்கு விடியக்காலம் பேர் வாசிச்ச பெரட்டு, இப்ப போன்ல வந்து கூப்பிடுது பாரு" என்று சொல்லி மற்ற பெண்களைச் சிரிக்க வைப்பாள்.

சிரிப்பெல்லாம் வெளியில்தான். அவள் காத்துக்கொண்டிருந்த டிங் வேறு.

அவளுக்கு ஒரே மகன், தர்மேந்திரன். வயது இருபத்தாறு. தீபாவளி முடிந்த மறுவாரம் சயாம், அதாவது தாய்லாந்து, வழியாக எங்கோ வேலைக்குப் போனான். கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து வாடிக்கையாளர்களுக்குப் பதில் சொல்லும் வேலை என்றான். "சயாமுன்னு சொல்லாதடா, நம்ம குடும்பத்துக்கு ஆகாது" என்றாள் அவள். அவளுடைய பாட்டனாரை ஜப்பான்காரன் காலத்தில் ரயில் பாதை போட அங்கே கொண்டுபோனார்கள். போனவர் போனவர்தான். "அது அந்தக் காலம் லா மா" என்று மகன் சிரித்தான். கிளம்புவதற்கு முன் அவளுக்கு ஒரு போன் வாங்கி, எழுத்தெல்லாம் தமிழில் வரும்படி மாற்றி, சொந்தபந்தத்தோடு பேசிக்கொள்ள ஓர் ஆப்பையும் போட்டுக் கொடுத்தான். கோமளாவின் விளையாட்டு அழைப்புகளும் அதன் வழியாகத்தான் வந்தன.

பத்தாம் நாள் ஒரு செய்தி வந்தது. "மா, கூப்பிடாத. மெசேஜும் போடாத. முடியிறப்ப நானே அனுப்புறேன்." அதோடு சரி. அதற்குப் பிறகு அந்த எண் அடிக்கவே இல்லை. பவானேஸ்வரி போலீஸில் புகார் கொடுத்தாள். மலாக்கா டவுனில் ஓர் ஆபீஸ் விடாமல் ஏறி இறங்கினாள். எல்லா இடத்திலும் எழுதிக்கொண்டார்கள். இப்படி வேலைக்குப் போகிற பிள்ளைகளைக் கட்டடத்துக்குள் பூட்டிவைத்து, போனில் ஊராரை ஏமாற்ற வைக்கிறார்கள் என்று அங்கேதான் ஒருவர் அவளுக்குச் சொன்னார். அன்றைக்கு வீடு வந்து சேர்ந்த வழி அவளுக்கு ஞாபகமில்லை.

அதனால்தான் டிங் என்றதும் கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ஓடினாள். வேலை நேரத்தில் போனைத் தொடக்கூடாது என்பது பாக்டரி சட்டம். சூப்பர்வைசர் இரண்டு முறை எச்சரித்துவிட்டார். ஓடிப்போய்ப் பார்த்தால் முட்டைக்கோஸ் நிற்கும். மகனைத் தேடி வந்தவள் முகத்தில் முட்டைக்கோஸை நீட்டினால் எப்படி இருக்கும்? கழிவறையில் கதவைச் சாத்திக்கொண்டு அழுதுவிட்டு, முகம் கழுவித் திரும்பி வருவாள்.

போதாக்குறைக்குத் தை மாதத்தில் ஒரு வெள்ளைக்காரியும் சேர்ந்துகொண்டாள். ஏஞ்சலா என்று பேர். மஞ்சள் முடி, கடற்கரையில் நின்று சிரிக்கிற படம். கோமளாவுக்கும் தெரிந்தவள் என்று ஆப் காட்டியதால் பவானேஸ்வரி அவளைச் சேர்த்துக்கொண்டாள். அந்த ஏஞ்சலா வணக்கம் சொல்லவில்லை, வாய் திறக்கவில்லை. சாயங்காலம் ஆறே முக்காலுக்கு, பவானேஸ்வரி சாமி விளக்கேற்றுகிற நேரத்தில், தண்ணீர் ஊற்றச் சொல்லி ஒரே ஓர் அழைப்பு மட்டும் டாண் என்று வரும். "தொரசாணிக்கு மணி தப்பாது" என்று பவானேஸ்வரி விளக்குத் திரியைத் தூண்டிவிட்டபடி முணுமுணுப்பாள்.

கணவரின் திதிக்குக் கோமளா வந்தபோது பவானேஸ்வரி மெல்லப் பேச்செடுத்தாள்.

"கோமளா, அந்தத் தண்ணி ஊத்துறதுக்குக் கூப்பிடுறத கொஞ்சம் கொறைச்சுக்கியேன்."

"நான் எங்க அண்ணி கூப்பிடுறேன்? அதுவா போவுது லா. தண்ணி இல்லாட்டி எல்லாம் காஞ்சி போயிரும் அண்ணி, பாவம்" என்றாள் கோமளா.

மறுநாள் பாக்டரி கேண்டீனில் ஷாந்தினியிடம் போனை நீட்டினாள். ஷாந்தினி அதே வரிசையில் வேலை செய்கிற பெண், போன் விஷயத்தில் கெட்டிக்காரி.

"இது ஈசி ஆண்டி. உங்க நாத்தனார் அனுப்புறத மட்டும் நிப்பாட்டிறலாம். நாப்பதும் அவங்களோடதுதான். இந்த வெள்ளைக்காரி ஒண்ணே ஒண்ணுதான் அனுப்புறா, கெடக்கட்டும் விடுங்க."

"ஐயோ, நாத்தனாரையா? வேணாம் வேணாம்."

"அவங்களுக்குத் தெரியவே தெரியாது ஆண்டி."

"அவளுக்குத் தெரியாது, எனக்குத் தெரியுமே. எங்க வீட்டுக்காரரு செத்தப்ப பதினாறு நாளும் என் பக்கத்துலயே படுத்துக் கெடந்தவ. அவ கூப்பிடுறத நான் அடைக்கிறதா? நாளைக்கு அவ மூஞ்சில எப்படி முழிப்பேன்?" பவானேஸ்வரி யோசித்தாள். "அந்த கேமையே மொத்தமா நிப்பாட்ட முடியாதா? யார் கூப்பிட்டாலும் வரக்கூடாது. அப்ப ஒருத்தருக்கும் மனத்தாங்கல் இல்ல பாரு."

"முடியும் லா" என்று ஷாந்தினி மூன்று இடத்தில் தொட்டாள். தட்டிலிருந்த மீ கோரேங் நூடுல்ஸ் ஆறுவதற்குள் வேலை முடிந்தது.

நியாயமான மனுஷி செய்கிற காரியத்தைத்தான் பவானேஸ்வரி செய்தாள். அதை நினைத்தால்தான் எனக்கு ஆத்திரமாக இருக்கிறது. கொஞ்சம் கெட்டவளாக இருந்திருக்கக்கூடாதா? நாத்தனாரை மட்டும் அடைத்துத் தொலைத்திருந்தால் என்ன?

போன் அமைதியானது. முதல் வாரம் அவள் நிம்மதியாக வேலை பார்த்தாள். இனிமேல் அடித்தால் அது அவனாகத்தான் இருக்கும் என்ற தைரியம் இருந்தது. இரண்டாம் வாரம் அந்த அமைதியே பயமுறுத்தியது. போன் கெட்டுப்போய்விட்டதோ என்று ஷாந்தினியை ஒரு மெசேஜ் போடச் சொல்லிப் பார்த்தாள். டிங் என்று நன்றாகவே அடித்தது. ஆறே முக்காலுக்கு விளக்கு சத்தமில்லாமல் எரிந்தது. இப்படியே இரண்டு மாதம் போயிற்று.

சித்திரை பிறந்து பத்து நாளிருக்கும். ஞாயிற்றுக்கிழமை காலையில் ஓர் இளைஞன் வாசலில் வந்து நின்றான். எலும்பும் தோலுமாக இருந்தான்.

"ஆண்டி, என் பேரு வசந்தன். தர்மா இருந்த கட்டடத்துலதான் நானும் இருந்தேன்."

அவனை உட்காரவைத்துத் தண்ணீர் கொடுக்கவேண்டும் என்றுகூட அவளுக்குத் தோன்றவில்லை. "என் புள்ள எங்க?" என்றாள்.

"தெரியல ஆண்டி. ரெய்டு வந்து எங்கள மீட்டாங்க. ஆனா அதுக்கு முந்தின வாரமே அவன் இருந்த செட்ட வேற எங்கேயோ மாத்திட்டானுங்க. மூணு வாரம் அங்கயே லாக்கப்புல இருந்துட்டு முந்தாநாள்தான் நான் ஊருக்கு வந்தேன்." வசந்தன் தயங்கினான். "ஆண்டி, ஒண்ணு கேக்கலாமா? அவன் தெனம் கூப்பிட்டானே, நீங்க ஏன் போகல?"

"எங்க கூப்பிட்டான்? ஒரு வார்த்த இல்லையேப்பா!"

"வார்த்த அனுப்ப முடியாது ஆண்டி. போன் அவனுங்க குடுக்கிறது. எல்லாத்துலயும் பொம்பள படம்தான் இருக்கும். மெசேஜ் பூராவும் படிப்பானுங்க, வீட்டுக்கு மெசேஜ் போனா கரண்ட் ஷாக் வைப்பானுங்க. கேம் மட்டும் பாக்கமாட்டானுங்க. கேம் ஆடித்தான் ஆள் புடிக்கணும்னு அவனுங்களே சொல்லுவானுங்க. அதுல அவன் ஒரு தோட்டம் போட்டு வச்சிருந்தான். தோட்டத்துல ஒரு பலகை இருக்கும், உள்ள வர்றவங்க மட்டும் படிக்கலாம். எங்க இருக்கோம்னு அதுல எழுதி வச்சிட்டு உங்களக் கூப்பிடுவான். 'இது அம்மா வெளக்கேத்துற நேரம்டா, வேலை முடிஞ்சி வீட்டுலதான் இருப்பாங்க'ன்னு சொல்லிச் சொல்லி அனுப்புவான்."

"என்ன படம்?" என்று கேட்டாள் பவானேஸ்வரி. கேட்கும்போதே அவளுக்குத் தெரிந்துவிட்டது.

"மஞ்ச முடி வெள்ளைக்காரி ஆண்டி. ஏஞ்சலா."

தொரசாணி என்று தான் சொன்னதெல்லாம் பவானேஸ்வரியின் காதுக்குள் ஒலித்தது.

வசந்தன் அவளுடைய போனை வாங்கித் தடையை நீக்கினான். தடுத்துவைத்த நாட்களில் வந்த அழைப்புகள் ஒன்றுகூடத் திரும்பவில்லை. முன்னால் வந்தவையும் அழிந்திருந்தன. கோமளாவுக்குப் போன் போட்டார்கள். அவள் மீன் வாடையோடு மோட்டார் சைக்கிளில் பறந்து வந்தாள். அவளுடைய விளையாட்டில் பக்கத்துத் தோட்டக்காரர்கள் என்று நூறு பேர் இருந்தார்கள். நூறில் ஒன்றாக ஏஞ்சலாவும் இருந்தாள்.

"இவளா? தெனமும் வந்து எனக்குத் தண்ணி ஊத்துவா அண்ணி. கொஞ்ச நாளா காணோம். நான் ஒருநாளும் அவ தோட்டத்துக்குப் போனதில்லையே" என்றாள் கோமளா.

வசந்தன் ஏஞ்சலாவின் தோட்டத்தைத் திறந்தான். பயிரெல்லாம் வாடித் தொங்கியது. நடுவில் ஒரு பலகை. தமிழை இங்கிலீஷ் எழுத்தில் எழுதியிருந்ததால் வசந்தன்தான் படித்தான்.

"அம்மா, ஆத்தோரம் செவப்பு கூரை கட்டடம், நாலாவது மாடி. எதுத்தாப்புல சீனி ஆலை இருக்கு. வர்ற வெள்ளிக்கெழம எங்கள மாத்தப் போறானுங்க. அதுக்குள்ள யார்கிட்டயாவது சொல்லுமா."

எழுதி முப்பத்துநான்கு நாள் ஆகியிருந்தது.

கோமளா தலையில் தலையில் அடித்துக்கொண்டாள். "என்னையாச்சும் அடைச்சிருக்கக் கூடாதா அண்ணி? நான் என்ன கோவிச்சுக்கவா போறேன்?"

கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்பார்கள். அதையும் செய்தார்கள். பலகையைப் படம் எடுத்துப் போலீஸில் கொடுத்தார்கள். ஒருவர் மரியாதையாகவே பேசினார். அந்தச் சிவப்புக் கூரைக் கட்டடம் இப்போது காலி என்றார். எழுதிக்கொண்டார்.

இப்போது பவானேஸ்வரியின் போனிலும் அந்த விளையாட்டு இருக்கிறது. ஷாந்தினி போட்டுக் கொடுத்தாள். பவானேஸ்வரி தன் தோட்டத்தில் ஒன்றும் பயிரிடவில்லை. ஒரு பலகை மட்டும் வைத்திருக்கிறாள்: "தர்மா, அம்மா வந்துட்டேன். எங்கடா இருக்க?"

சாயங்காலம் விளக்கேற்றியதும் போனை எடுத்துக்கொண்டு தரையில் உட்காருவாள். ஏஞ்சலாவின் தோட்டத்துக்குள் போய் ஒவ்வொரு செடிக்கும் தண்ணீர் ஊற்றுவாள். வாடினது நிமிரும். முதல் நாள் ஊற்றி முடித்ததும் "ஏஞ்சலா உங்களுக்கு நன்றி சொல்கிறார்" என்று எழுத்து வந்தது. அவள் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டுக்காரர்கள் ஓடி வந்துவிட்டார்கள். மறுநாள் பாக்டரியில் ஷாந்தினி அவள் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்: "அது யார் ஊத்தினாலும் வரும் ஆண்டி. கம்ப்யூட்டரே சொல்றது."

தெரிந்துகொண்டாள். தெரிந்தும் அந்த நன்றி வரும்வரை எழுந்திருக்கமாட்டாள்.

அதன் பிறகு அழைக்கும் பொத்தானைத் தொடுவாள். பெயர்கள் வரும். ஏஞ்சலாவை மட்டும் தேர்ந்தெடுப்பாள். "பவானேஸ்வரியின் தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்ற வாருங்கள்." அனுப்பிவிட்டுக் கொஞ்சம் காத்திருப்பாள். மறுபடி அனுப்புவாள். ஒரு நாளைக்கு நாற்பது தடவை. அதற்கு மேல் அந்த விளையாட்டு விடுவதில்லை.