வேட்டித் திரைக்கு இரண்டு பக்கம்

இருபது வருடம் கல்யாண வீடியோ எடுத்தவன் நான், நாகராசு. அறந்தாங்கியிலிருந்து வந்த அன்புமொழி என்னிடம் நாற்பது கேசட்டை வாங்கிக்கொண்டு போய், மாப்பிள்ளையையும் பெண்ணையும் வெட்டி எறிந்துவிட்டாள். பந்தி பரிமாறுவது மட்டும் போதுமாம். இதற்குப் பெயர் வீடியோ கலையாம். எனக்கு எரிச்சலாக வந்தது.

கோயில் மரியாதையாகத் தரும் காளாஞ்சித் தட்டை முதலில் யார் வாங்குவது என்று எங்கள் வடக்குத் தெருவும் தெற்குத் தெருவும் அடித்துக்கொண்டு ஒன்பது வருடம் ஆகிறது. என் தங்கை சுகுணா வாக்கப்பட்டது தெற்குத் தெருவில். சண்டை வந்த நாளிலிருந்து அவள் என்னோடு பேசுவதில்லை. படம் பார்க்கவாவது வருவாள் என்றுதான் கேசட்டையே கொடுத்தேன்.

ஒரு தெருவில் படம் போட்டால் மற்றத் தெரு வராது. அதனால் இரண்டுக்கும் நடுவே, ரோட்டுக்குக் குறுக்கே எட்டு முழ வேட்டியைக் கட்டினாள் அன்புமொழி. புரொஜக்டர் எங்கள் பக்கம்.

"ரெண்டு பக்கமும் தெரியும். அவங்கவங்க எடத்துல நின்னு பாருங்க" என்றாள்.

பொழுது சாய்ந்ததும் படம் ஓடியது. சண்டையன்று யாரோ செல்போனில் எடுத்ததில் எங்கள் ராக்கன் மாமா கம்பை ஓங்குகிறார். அடுத்து என் கேசட்டில் அதே கை, குனிந்து தெற்குத் தெருக்காரர் இலையில் ரசம் ஊற்றுகிறது. கல்லெறிந்த கை அப்பளம் வைக்கிறது. பாட்டு இல்லை, வசனம் இல்லை. "இன்னுங் கொஞ்சம்", "போதுங்க" மட்டும் திரும்பத் திரும்ப வருகிறது. எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. எடுத்தவன் நான், ஆனால் இப்படிப் பார்க்க எனக்குத் தெரியவில்லையே! பொறாமையாகக்கூட இருந்தது.

அப்போது வேட்டிக்கு அந்தப் பக்கம் ஒரு கூச்சல்.

"எங்க ஆளுகளப் பூராம் பீச்சாங்கையால திங்க வச்சிருக்கா! அசிங்கப்படுத்தவா கூப்புட்டீங்க?"

பின்பக்கம் இடம் வலமாகத் தெரியும். அன்புமொழிதான் மறந்தாள், நானாவது யோசித்திருக்க வேண்டாமா? இன்னொரு சண்டை என்றால் சுகுணா இந்த ஜென்மத்தில் பேச மாட்டாள்.

அன்புமொழி பதறவே இல்லை. வேட்டியை ஒதுக்கித் தலையை நீட்டினாள்.

"அது பின்பக்கம்ங்க. இங்கிட்டு வந்து பாருங்க, சோத்துக்கையாலதான் சாப்புடுறாங்க."

யாரும் அசையவில்லை. பிறகு ஒருவர் முணுமுணுத்துக்கொண்டே சரிபார்க்க வந்தார். அவர் பின்னால் நாலு பேர். அப்புறம் தெருவே வந்தது. அவள் மறுபடி முதலிலிருந்து ஓட்டினாள். வலது கைதான் என்று தெரிந்த பிறகும் ஒருவரும் திரும்பிப் போகவில்லை.

என் முதுகில் ஒரு விரல் குத்தியது.

"அண்ணே, தள்ளி நில்லு. மறைக்குது."