கூடம் கோணல்

1

உண்மையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இது என் கற்பனை இல்லை. மச்சான் சாப்பிட்டபடி புலம்பியதைச் சுட்டுவிட்டேன்.

மச்சான் என்றால் என் மனைவியின் அண்ணன். நாற்காலிப் பட்டறை வைத்திருக்கிறார். ஓர் அரசு அலுவலகத்துக்கு டெண்டர் எடுத்து நாற்காலிகள் கொடுத்தார். 'ஆடுகிறது, தரமில்லை' என்று பில்லை நிறுத்திவிட்டார்கள். பணம் வராவிட்டால் பட்டறையை மூட வேண்டியதுதான்.

இப்படித் தொடங்கினேன்: 'மங்கிய ஒளியில் அந்த நாற்காலிகள் நீதிக்காகக் காத்து—'

மனைவி தோளுக்கு மேல் எட்டிப் பார்த்தாள். "நாற்காலி எங்க நீதி கேட்டுச்சு? எங்க அண்ணன்தான் காசு கேக்கறாரு."

அந்த வரியை அடித்துவிட்டேன்.

2

வில்லன் வேண்டுமே என்று, பில்லை நிறுத்திய அதிகாரியை லஞ்சப் பேர்வழியாக எழுதினேன். மச்சானுக்குப் படித்துக் காட்டியதும் பதறிப்போனார்.

"ஐயையோ மாப்ளே, அவர் ஒரு டீகூட வாங்கிக் குடிக்காத மனுஷன். கை நீட்டற ஆளா இருந்தா நான் எப்பவோ முடிச்சிருப்பேனே!"

ஆக, அதிகாரி நல்லவர். கதைக்கு இது பெருத்த நஷ்டம்.

3

டெண்டர் வழக்கம் இது: முதலில் ஒரு மாதிரி நாற்காலி கொடுக்க வேண்டும். அதிகாரி உட்கார்ந்து பார்த்து முத்திரை குத்துவார். பின்னால் வரும் சரக்கு அச்சு அசலாக அதைப்போல இருக்க வேண்டும். மாதிரி நாற்காலி அதிகாரியின் மேஜைக்கு முன்னால் அசையவே இல்லை. அதே இடத்தில் போட்ட சரக்கு நாற்காலி ஒவ்வொன்றும் ஆடியது.

"தரை கோணலா இருக்கும் சார்," என்றார் மச்சான்.

"ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னு சொன்னாளாம்! இதே தரையிலதானே மாதிரி நாற்காலி நிக்குது? வாங்க, எங்க வேணா உட்கார்ந்து காட்டறேன்."

அதிகாரி மாதிரியை வாசல் சிமெண்டுத் தளத்தில் போட்டு உட்கார்ந்தார். டக்கென்று ஒரு பக்கம் சாய்ந்தார். பக்கத்தில் போட்ட சரக்கு நாற்காலியோ குத்துக்கல் மாதிரி நின்றது. மாதிரியைக் கவிழ்த்துப் பார்த்தார்கள். ஒரு கால் மட்டும் ராவப்பட்டிருந்தது.

பியூன் பெருமையோடு முன்னால் வந்தார். "ஐயா வர்றதுக்கு முன்னாடி நான் உட்கார்ந்து பாத்தேன். ஆடிச்சு. ஐயாவுக்கு இடுப்பு வலியாச்சேன்னு அரத்தால லேசா ராவி விட்டேன்."*

(* கதையில் தப்பு செய்த ஒரே ஆள் இவர்தான். அதுவும் பாசத்தில். இவரை வைத்துக்கொண்டு நான் எப்படிக் கோபமான கதை எழுதுவது?)

4

"அப்ப நாற்காலி நல்லதுதான்! தரைதான் கோணல்!" என்று மச்சான் குதித்தார்.

அதிகாரிக்கு முகம் விழுந்துவிட்டது. அந்தத் தரையும் டெண்டரில் போட்டதுதான். 'தரமாக உள்ளது' என்று கையெழுத்துப் போட்டவர் அவரேதான்.

"நாற்காலிய பாஸ் பண்ணா தரைக்கு நான் பதில் சொல்லணுமேப்பா," என்றார் மெதுவாக. "ரிட்டயர் ஆகற நேரத்துல."

எனக்கு அவரைப் பிடித்துப்போனது. அதுதான் வம்பு.

5

முடிவு (அ): அதிகாரி உண்மையை எழுதுகிறார். மச்சானுக்குப் பணம் வருகிறது, அதிகாரிக்குப் பென்ஷன் நின்றுபோகிறது. மனைவி கை தட்டினாள். அப்புறம், "பாவம், அவருக்கும் வீட்ல ஒருத்தி இருப்பாள்ல?" என்றாள்.

முடிவு (ஆ): மச்சான் எல்லா நாற்காலிக்கும் ஒரு காலை ராவிக் கொடுத்துவிடுகிறார். "நல்ல நாற்காலிய நொண்டியாக்கி நல்ல பேர் வாங்கணுமா? அதுக்குப் பட்டறைய மூடிட்டே போறேன்," என்று, இதைக் கேட்ட நிஜ மச்சான் சோற்றுக் கையோடு எழுந்துவிட்டார்.

முடிவு (இ): பியூன் அரத்தை எடுத்துக்கொண்டு போய்த் தரையையே ராவ—

சரி, என்னால் ஆகாது. நீங்கள் வாருங்கள். அதிகாரியின் அறையில், மச்சான் செய்த நாற்காலியில் உட்காருங்கள். கொஞ்சம் ஆடும், விழமாட்டீர்கள். இந்தாருங்கள் பேனா. ஒரே ஒரு வரி எழுத வேண்டும்: கோணல் எது? வாசலில் மச்சான் நிற்கிறார். பியூன் உங்கள் இடுப்பைக் கவலையோடு பார்க்கிறார்.

நிதானமாக எழுதுங்கள். உங்கள் தோளுக்கு மேல் எட்டிப் பார்ப்பது என் மனைவி.