சுவரில் ஒரு பெயர்

போலீசுக்குப் போன் செய்தபோது அர்லன் ஸ்கோக்மோ 'திருட்டு' என்றுதான் சொன்னார். கொஞ்சம் பெரிய வார்த்தை என்பது அவருக்கே தெரியும். ஆனால் 'என் சிநேகிதன் மூன்று மாதமாக என்னோடு பேசவில்லை' என்றால் எந்தப் போலீஸ் வண்டியை எடுக்கும்?

உறைந்து கிடந்த கெட்டில் ஏரியின் மேல், கரையிலிருந்து கால் மைல் தள்ளி நின்றது அந்த மீன்பிடிக் குடில். உள்ளே சின்ன அடுப்பு, இரண்டு நாற்காலி, தூண்டில் இறக்கத் தரையில் இரண்டு துளை. அர்லனும் டுவேன் பெக்காலாவும் சேர்ந்து பலகை அறுத்துக் கட்டியது. இருபத்திரண்டு குளிர்காலம் அதற்குள் முட்டியோடு முட்டி இடிக்க உட்கார்ந்திருக்கிறார்கள். இப்போது கதவில் டுவேனின் புதுப் பூட்டு தொங்கியது. டுவேன் தன் டிரக்கில் சாய்ந்தபடி காபி குடித்துக்கொண்டிருந்தார்.

காரணம் சுவரிலேயே இருந்தது. குடிலின் மேல் சொந்தக்காரர் பெயர் இருக்க வேண்டும் என்பது சட்டம். டிசம்பரில் பழைய பெயிண்ட் உதிர்ந்துபோக, புதிதாக எழுதும் வேலையை அர்லன் எடுத்துக்கொண்டார். தன் பெயரில் ஆரம்பித்தார். எழுத்து அழகாக வந்தது, கொஞ்சம் பெரிதாகவே வந்தது. அதன்பின் டுவேனுக்கு இடமில்லை. "அடுத்த வருஷம் பாத்துக்கலாம்டா" என்றார். அறுபத்தெட்டு வயதில் ஒரு மனிதன் தன் பெயரைப் பார்த்தே மயங்கினால் அவனை என்ன சொல்வது? அர்லன் தன்னைத்தானே திட்டாத நாளில்லை. மன்னிப்புக் கேட்க மட்டும் வாய் வரவில்லை. போலீசைக் கூப்பிட வந்தது.

போலீஸ் வண்டியிலிருந்து இறங்கியவள் கிரிஸ்டா. அர்லன் ஓட்டிய பள்ளிப் பேருந்தில் ஏழு வருடம் போய்வந்த பெண். நம்ம பிள்ளைதான் என்று அர்லன் நெஞ்சை நிமிர்த்தினார்.

"பாரும்மா, சுவத்துல எம் பேரு. கதவுல இவன் பூட்டு. உடைக்கச் சொல்லு."

"கட்டுனது யாரு சார்?"

"ரெண்டு பேரும்" என்றார் டுவேன், அவளை மட்டும் பார்த்து. "இந்த ஆளோட நான் பேசறதா இல்ல."

"அடிச்சாரா? மிரட்டினாரா?"

"இவனா? ஈ எறும்பக்கூட அடிக்க மாட்டான்" என்றார் அர்லன். சொன்ன பிறகுதான் தன் கட்சியைத் தானே கெடுத்துவிட்டது உறைத்தது.

"அப்ப எனக்கு இதுல வேலையில்ல சார். யாருக்குச் சொந்தம்னு கோர்ட்டுதான் சொல்லணும். நீங்க அடிச்சுக்காம இருக்கீங்களான்னு மட்டும்தான் நான் பாக்க முடியும்."

"போலீஸ்னா ஒரு நியாயம் சொல்ல வேண்டாமா?"

"ஜன்னல் சீட்டுக்கு நானும் எங்கண்ணனும் சண்ட போட்டப்ப நீங்க சொன்னீங்களா? 'எவன் எங்க வேணா உக்காரு, அடிச்சுக்காத, நான் வண்டி ஓட்டணும்'னீங்க. ஏழு வருஷம் ஓரமா நின்னுகிட்டே வெளிய பாத்தேன்."

டுவேனுக்குப் புரையேறியது.

கிரிஸ்டா சுவரைப் பார்த்தாள். "ஆனா ஒண்ணு. பனி உருகப்போகுது, திங்கக்கிழமைக்குள்ள எல்லாக் குடிலும் ஏரிய விட்டுப் போயாகணும். இல்லேன்னா அபராதம். யார் பேருக்குன்னு யோசிக்கவே வேண்டாம். கரையிலருந்தே படிக்க முடியுது."

அர்லன் கீழே பார்த்தார். குடிலின் அடிக்கட்டைகள் பனிக்கட்டிக்குள் ஒரு சாண் புதைந்திருந்தன. கொத்தி எடுத்து டிரக்கில் கட்டி இழுக்க வேண்டும். அவரிடம் இருந்தது ஒரு சின்னக் கார், போன மாதம் அறுவை சிகிச்சை செய்த தோள். அதைவிட மோசமான ஒன்று அப்போதுதான் தோன்றியது. வழக்குப் போட்டு ஜெயித்தாலும், இரண்டு நாற்காலி போட்ட குடிலில் தனியாகத்தான் உட்கார வேண்டும்.

"உன் மார்க்கர் பேனாவக் குடும்மா."

தன் பெயருக்குக் கீழே மிச்சமிருந்த ஓரத்தில் 'டுவேன் பெக்காலா' என்று எழுதினார்.

டுவேன் மெதுவாக வந்து குனிந்து பார்த்தார். "இது சட்டப்படி செல்லுமான்னு கேளும்மா."

கிரிஸ்டா அளவு நாடாவை எடுத்தாள். "எழுத்து ரெண்டு இஞ்சு உயரம் இருக்கணும். இது முக்கால்தான். இதுல நான் தலையிடலாம். பெருசா எழுதுங்க சார்."

"எங்க எழுத? இடம்..." என்று ஆரம்பித்த அர்லன் நிறுத்திக்கொண்டார். கதவு முழுதும் காலியாக இருந்தது. டிசம்பரிலும் காலியாகத்தான் இருந்தது.

கையுறையைக் கழற்றிவிட்டு, கதவின் குறுக்கே ஒவ்வொரு எழுத்தையும் ஒரு சாண் உயரத்துக்கு எழுதினார். முடிப்பதற்குள் விரல் மரத்துப்போனது.

"இடம் இல்லன்னது பொய்டா" என்றார், திரும்பாமலே.

பின்னால் சாவி குலுங்கியது.

"அபராதம் வந்தா இனி பாதி என் தலையிலயாடா?"

"ஆமாடா."

"நல்ல ஆளுடா நீ. தள்ளு, பூட்டத் தொறக்கணும். திங்கக்கிழமைக்கு இன்னும் மூணு நாள் இருக்கு."